இரண்டாவது ‘வேண்டாம்’

1

இந்தக் கதை பிறந்தது ‘வேண்டாம்’ என்ற ஒரு சொல்லிலிருந்து. சொன்னவன் நான், ஓவ்ரெபோ பண்ணையின் தூர்லைவ்.

சுன்னிவா என்ற பெண் ஓஸ்லோவிலிருந்து கேமராவோடு தனியாக வந்திருந்தாள். சொந்த முயற்சியில் எங்கள் பள்ளத்தாக்கின் வாழ்க்கையைப் படமாக எடுக்கிறவள். முதலில் எங்கள் பண்ணைக்குத்தான் வந்தாள், அது முறை. படம் எடுக்கலாமா என்று கேட்டாள். வேண்டாம் என்றேன்.

நன்றி சொல்லிவிட்டுப் போய்விட்டாள். அப்படியே போய்விட்டாள்.

2

தொடக்கத்தை மாற்றிப் பார்க்கிறேன். “மலைச்சரிவில், வேலிபோல் கட்டிய கம்பிகளில் காயும் புல்லின் மணம்...” இல்லை. இது பக்கத்துப் பண்ணை அஸ்லாக் எழுதுவதுபோல இருக்கிறது.

நேராகவே சொல்கிறேன். எங்கள் பக்கத்தில் காப்பி வேண்டுமா என்று கேட்டால் முதல் தடவை வேண்டாம் என்போம். இரண்டாம் தடவையும் அப்படியே. மூன்றாம் தடவைதான், “சரி, அரைக் கோப்பை.” முதல் அழைப்பிலேயே உட்காருகிறவன் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்று பொருள்.

அஸ்லாக் முதல் தடவையே ஒப்புக்கொண்டான். சுன்னிவா கேட்டு முடிப்பதற்குள் நல்ல கம்பளிச் சட்டையை மாட்டிக்கொண்டு வந்து நின்றானாம். [அண்டை வீட்டானைப் பழிப்பது குடும்பத்துக்கு அழகல்ல. இந்த வரியை அடித்துவிட வேண்டும். அடிக்கவில்லை.]

படம் வெளிவந்தால் இந்தப் பள்ளத்தாக்கின் வீடு என்று அவன் வீடுதான் நிற்கும். என் முப்பாட்டன் மரம் அடுக்கிக் கட்டிய வீடு அதில் இருக்காது. அதற்காக நான் போய்க் கேட்பதா? ஓவ்ரெபோக்காரர்கள் போய்க் கேட்பதில்லை.

3

என் மனைவி குத்வேயைக் கதையில் சேர்க்கத் தயங்கினேன். தோளுக்குப் பின்னால் நின்று வாசித்துவிட்டாள்.

“நான் இல்லாம உங்க கதை எப்படி நகரும்?”

உண்மைதான். கூட்டுறவுக் கடையில் சுன்னிவாவிடம் என்ன சொன்னாள் என்பதை இப்போதுதான் ஒப்புக்கொண்டாள்: “அவர் வேண்டாம்னா, இன்னும் கேளுன்னு அர்த்தம்மா. என்னைக் கட்டிக்கிறியான்னு அவர் கேட்டப்ப நானும் ரெண்டு தடவ மாட்டேன்னவதான்.”

[அதற்குப் பிறகு அவள் சொன்னதை எழுதப்போவதில்லை.]

4

இன்று சுன்னிவா மறுபடி வந்தாள். நாளை மழை; புல்லுக்கு இதுதான் கடைசி வெயில்.

“தூர்லைவ், நீங்க புல்லைக் கம்பியில போடறதை எடுக்கலாமா?”

“வேண்டாம். அஸ்லாக் வீட்ல வெளிச்சம் நல்லா இருக்குமே.”

“அங்க எடுத்தாச்சு. புல்லைப் பாக்கச் சொன்னா கேமராவப் பாத்துச் சிரிக்கிறாரு.”

நான் சிரிக்கவில்லை. (குத்வேய்: சிரித்தார்.)

எழுதும் மேசைக்குத் திரும்பிவிட்டேன். சுன்னிவா போகவில்லை. வாசல் நடையில் உட்கார்ந்து பூட்ஸ் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருக்கிறாள்.

இரண்டு முடிவுகள் எழுதினேன். ஒன்றில் அவள் மூன்றாம் முறை கேட்கிறாள். மற்றதில் நானே எழுந்து போய், “உள்ளே வாம்மா, எங்கள் வீட்டை நீ...” [எங்கள் குடும்பத்தில் யாரும் இந்த வாக்கியத்தை முடித்ததில்லை.]

அடுப்பில் காப்பி கொதிக்கிறது. மேசையில் மூன்று கோப்பைகள். எடுத்து வைத்தது குத்வேய் அல்ல.

முடிவைச் சொல்லுங்கள் என்கிறீர்களா? வேண்டாம்.

மறுபடியும் கேட்கிறீர்களா?

வேண்டாம்.