லெபாந்தோவுக்குத் தெற்கே

1

இந்தக் கதை ஒரு கைதட்டலில் தொடங்கியது. ஜெர்மனியின் கொலோன் தமிழ்ச் சங்க மண்டபத்தில், ஒரு ஞாயிறு பின்னேரம், பிரபாலினி என்ற வரலாற்று ஆய்வாளர் கிழக்கு மத்தியதரைக் கடலின் கப்பற்படைகளைப் பற்றி ஒரு மணி நேரம் பேசினாள். பேரரசர்களை விட்டுவிட்டு, பெயர் தெரியாமல் துடுப்பு வலித்தவர்களைப் பற்றிப் பேசினாள். சபை தட்டியது. அவளுக்கு மண்டபத்தின் பின்கதவால் ஓடிவிட வேண்டும்போல் இருந்தது.

(இதை எழுதுகிறவளும் அவள்தான். "நான்" என்று மூன்று தரம் தொடங்கிப் பார்த்தாள். மூன்று தரமும் தன் பக்கத்து நியாயங்கள் முந்திக்கொண்டு வந்து உட்கார்ந்தன. அதனால் "அவள்" என்றே போகட்டும்.)

பேச்சு முடிந்ததும் சங்கத்தின் ஆண்டு மலரைத் தொகுக்கிற விமலநாதன் வந்தார்.

"பிள்ளை, மலருக்கு ஒரு கடற்சண்டைக் கதை எழுதித் தா. சின்னப் பிள்ளையளும் வாசிப்பினம்." பக்கத்தில் நின்ற மனைவி ரஞ்சினியிடம் திரும்பினார். "இவள்தான். பதின்மூண்டு வயசில டொக்டரிட்ட எனக்காகக் கதைச்சவள். சொன்னனான் எல்லே?"

ரஞ்சினி அவள் கையை இறுகப் பிடித்துக்கொண்டார். அந்தக் கையை இழுத்துக்கொள்ளவும் முடியவில்லை, வைத்திருக்கவும் முடியவில்லை.

2

முதல் தொடக்கம்: "1571 ஒக்டோபர் ஏழாம் திகதி காலை, கிரேக்கக் கரையில் லெபாந்தோவுக்கு அருகே ஒட்டோமன் கடற்படை பிறைபோல விரிந்து—"

[விடு. இந்தப் பிறையை எத்தனை பேர்தான் எழுதுவது.]

இரண்டாவது: "வெனிஸின் தளபதி தன் தாடியை வருடியபடி—"

[தாடியைப் பற்றித் தேடப் போனதில் அரை நாள் போயிற்று. கதை எழுதாமல் இருக்க ஆய்வாளருக்குக் காரணமா இல்லை!]

மூன்றாவது: "ஸ்டாவ்ரோஸ் என்ற கிரேக்கன் ஒட்டோமன் கப்பலொன்றில் சங்கிலியோடு துடுப்பு வலித்தான்."*

இது பிடித்தது. ஆனால் ஸ்டாவ்ரோஸ் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறான். அவளுக்குக் கோபமே வந்தது. பிறகுதான் உறைத்தது: அவன் பேசினால் மொழிபெயர்க்க வேண்டியவள் அவள். அவளை நம்பி எவன் பேசுவான்?

* இரண்டு பக்கத்துக் கப்பல்களிலும் கிரேக்கர் துடுப்பு வலித்தார்கள். தோற்ற ஒட்டோமன்கள் ஒரு வருடத்துக்குள் புதுப் படை கட்டிவிட்டார்கள். கப்பலைத் திரும்பக் கட்டலாம் என்பதை மட்டும் வரலாறு வியந்து எழுதிவைத்திருக்கிறது.

3

சரி, சுற்றி வளைத்தது போதும்.

1998. அப்போது இங்கே எங்கள் பிள்ளைகள் எல்லோருக்கும் ஒரு சம்பளமில்லாத உத்தியோகம் இருந்தது. பள்ளிக்கூடத்தில் டொச், அதாவது ஜெர்மன் மொழி, படித்த குற்றத்துக்காக, டொக்டர், கந்தோர் என்று பெரியவர்களின் ஒவ்வொரு தெர்மினுக்கும் கூடப்போய் அவர்களின் வாயாக இருக்க வேண்டும். துருக்கியிலிருந்து சரக்குக் கப்பலின் அடியில் அடைபட்டு, லெபாந்தோவுக்குத் தெற்கே அதே கடலைக் கடந்து, இத்தாலி வழியாக வந்தவர் விமலண்ணை, இன்று மலர் தொகுக்கிற அதே விமலநாதன். அகதி விண்ணப்பத்துக்கு மருத்துவச் சான்றிதழ் வேண்டும் என்று வழக்கறிஞர் சொல்லியிருந்தார். பிரபாலினி கூடப் போனாள்.

டொக்டர் கேட்டார். விமலண்ணை சொன்னார்:

"தண்ணி ஏறினது, பிள்ளை. ஏணி ஒண்டுதான். எனக்குக் கீழ நிண்ட பொடியன் என்ர காலைப் பிடிச்சவன். நான் உதறிப்போட்டன். அவன் மேல வரேல்லை. கண்ணை மூட ஏலாமக் கிடக்கு எண்டு சொல்லு."

சொல்லிவிட்டுச் சத்தமாக அழுதார். மூக்கு வடிந்தது. கதவைத் திறந்து எட்டிப் பார்த்த வரவேற்புப் பெண், பிரபாலினியின் வகுப்புத் தோழியின் அம்மா. நாளைக்கு வகுப்பு முழுவதும் தெரிந்துவிடும், இந்த மனிதர் என்னோடு வந்தவர் என்று. அவ்வளவுதான் அவள் மனதில் ஓடியது.

அவள் டொச்சில் சொன்னாள்: "கப்பலில் நெருக்கமாக இருந்ததாம். இப்போது நித்திரை வருவதில்லையாம்."

டொக்டர் நித்திரைக் குளிசை எழுதினார். சான்றிதழிலும் அவள் சொன்னதையே எழுதினார்.

4

விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. அவள் சொல்லாமல் விட்டதால்தான் என்று யாரும் நிறுவ முடியாது. இருபத்தைந்து வருடங்களுக்கு மேலாக அவள் இந்த வரிக்குள்தான் ஒளிந்திருக்கிறாள். விமலண்ணை ஒன்பது வருடம், மனைவியைக் கூப்பிட முடியாத தற்காலிகத் தாள்களைப் புதுப்பித்துக்கொண்டு வாழ்ந்தார். யாழ்ப்பாணத்தில் காத்திருந்த ரஞ்சினிக்கு, இங்கே வந்து சேர்ந்தபோது நாற்பத்திரண்டு வயது. அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை.

பெயரற்றவர்களின் குரலை மீட்கிறாளாம் பிரபாலினி. வெட்கமாக இருக்கிறது. வேறு நல்ல சொல் கிடைக்கவில்லை.

5

முடிவு, ஒரு மாதிரி: அவள் தொலைபேசியில் எல்லாவற்றையும் சொல்கிறாள். அவர் சிரிக்கிறார். "எனக்குத் தெரியும் பிள்ளை. டொச் படிச்சாப் பிறகு அந்தத் தாளை எடுத்து வாசிச்சனான். நீ அப்ப குழந்தை எல்லே."

[அவர் இப்படிச் சொல்லவில்லை. மறுபடியும் அவர் வாயில் தனக்கு வசதியான வசனத்தை வைக்கிறாள்.]

இன்னொரு மாதிரி: அவர் பாதிக் கதையிலேயே தொலைபேசியை—

[இதுவும் தெரியாது. அவள் எடுக்கவேயில்லை. இரண்டு தரம் எண்ணை அழுத்தி, மணி அடிக்க முன் நிறுத்திவிட்டாள்.]

6

ஸ்டாவ்ரோஸ் போய்விட்டான். கதையென்று இருப்பது இவ்வளவுதான். இன்று பின்னேரம் இதை மலருக்கு, அதாவது விமலண்ணைக்கே, அனுப்பப் போகிறாள். ஏணியில் நடந்தது அவருடைய கதை. ரஞ்சினியிடம்கூட அதைச் சொல்லியிருக்கிறாரோ தெரியாது. அதை ஊருக்குக் காட்ட இவளுக்கு உரிமையில்லை. அதனால் கோப்போடு ஒரு வரி சேர்த்திருக்கிறாள்: "அண்ணை, விரும்பினதை வெட்டுங்கோ. முழுதாக வேண்டாமெண்டாலும் வேண்டாம்."

வாசகரே, அவரிடம் கேட்காமல் அவருடைய ஐந்து வசனங்களை ஒருத்தி வெட்டினாள். இனி வெட்டுவதும் விடுவதும் அவர் பாடு. இது அச்சில் உங்கள் கையில் இருக்கிறதென்றால், அவர் இதை வாசித்திருக்கிறார். மூன்றாம் பகுதியில் அந்தப் பொடியன் இன்னும் இருக்கிறானா என்று பாருங்கள். அது எனக்குத் தெரியாது.