காற்றுக்கு ஏது பட்டா

கெட்டிக்காரன் புளுகு எட்டு நாளைக்கு என்பார்கள். பாக்கியசீலன் புளுகு ஒன்பது வருஷம் ஓடியது. அப்படியென்றால் அவன் எவ்வளவு பெரிய கெட்டிக்காரன் என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஆனால் அந்தப் புளுகுக்குத் தலையாட்டி ஓடவிட்டவள் வடிவம்மாள். அதையும் சொல்லத்தான் வேண்டும்.

பாபநாசத்துக்கு மேலே மலைக்குள்ளே ஓர் அணை. அணைத் தண்ணீருக்கு அந்தப் பக்கக் கரையில் காணிக்காரர் என்கிற மலைச்சனத்தின் குடியிருப்பு, எண்ணினால் இருபது வீடு தேறாது. கீழே விக்கிரமசிங்கபுரத்தைச் சேர்ந்த பாக்கியசீலன் பாபநாசம் கோயில் வாசலில் நின்று ஆள் பிடிப்பான். "மலைவாசியப் பாக்கணுமா அண்ணாச்சி? தனி போட்டு, தனி கைடு, கூட்டம் கிடையாது" என்பான். அகப்பட்ட குடும்பத்தைப் படகில் ஏற்றித் தண்ணீரைக் கடந்து, வடிவம்மாள் வீட்டு முற்றத்தில் கொண்டுவந்து நிறுத்துவான்.

அங்கே நடப்பது சுத்த நாடகம். பாக்கியசீலன் பேசுவான், வடிவம்மாள் ஆமா போடுவாள். மற்ற பெண்களை நிறுத்தினால் பாதியிலேயே சிரித்துத் தொலைக்கிறார்கள் என்பதால் இந்த வேலை அவளுக்கு வாய்த்தது. ஐம்பது வயது விதவை, சிரிப்பை அடக்கத் தெரிந்த முகம். "இவங்க உப்பே சேக்க மாட்டாங்க சார். அப்படித்தானக்கா?" "ஆமா." அடுப்படியில் உப்புச் சட்டி நிறைய இருக்கும். "புலி எதுக்க வந்தா பேசியே அனுப்பிருவாங்க. அப்படித்தானக்கா?" "ஆமா." அவள் தன் வாழ்நாளில் புலியைப் பார்த்தது ஒரே ஒரு தடவை, அதுவும் மரத்தின் மேலே உட்கார்ந்து அழுதுகொண்டே. மோட்டார் சத்தம் கேட்டதும் பிளாஸ்டிக் குடமும் ரேடியோவும் சாக்குக்குள்ளே போய்விடும். படகு திரும்பிப் போனதும் குடியிருப்பே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும்.

இருக்கிறதிலேயே பெரிய புளுகு கடைசியில் வரும். பாக்கியசீலன் குரலைத் தாழ்த்திக்கொள்வான். "இவங்க ஒரு எடத்துல மூணு வருஷம் நிலைக்க மாட்டாங்க சார். நேத்து அங்கன, இன்னைக்கு இங்கன, நாளைக்கு எங்கனயோ. காத்துக்கு ஏது சார் பட்டா?" கேட்டவர்கள் உருகிப்போவார்கள். உருகினவர்கள் தேன் வாங்காமல் படகேறினதில்லை.

உண்மை வேறே. அணை கட்டித் தண்ணீர் ஏறினபோது பழைய ஊர் முங்கிப் போயிற்று. வடிவம்மாளின் மாமியார் கைக்குழந்தையோடு இந்த மேட்டுக்கு ஏறிவந்து குடிசை போட்டு, வாசலில் ஒரு பலா வைத்தாள். அன்றிலிருந்து ஒரு வீடுகூட அங்கிருந்து நகரவில்லை. அந்தக் கைக்குழந்தைதான் பின்னால் வடிவம்மாளைக் கட்டினவன். அவனைப் புதைத்ததும் அதே மேட்டில்தான். இதையே சொன்னால் என்ன என்று அவள் ஒருதரம் கேட்டாள். "பிக்னிக் வந்தவன அழ வைக்கச் சொல்லுதியளாக்கா?" என்றான் பாக்கியசீலன்.

அப்போது அவனை யாரும் குறை சொல்லிவிட முடியாது. காய்ச்சல் கண்ட பிள்ளைகளை அம்பாசமுத்திரம் ஆஸ்பத்திரிக்குத் தோளில் போட்டுக்கொண்டு ஓடியிருக்கிறான். காணிக்காரர்கள் மலைத்தேன் எடுத்தால் வீட்டுக்கு ஒரு பங்கு வைப்பார்கள். வெளியாளுக்கு விலைக்குத்தான், பங்கு கிடையாது. பாக்கியசீலன் ஒருத்தனுக்கு மட்டும் ஒரு வீட்டுப் பங்கு வைத்தார்கள், அவனும் ஒரு குடி என்கிற கணக்கில். வைக்கச் சொல்லி மல்லுக்கு நின்றவள் வடிவம்மாள். கூடப்பிறந்தது என்று அவளுக்கு ஒருவரும் இல்லை.

ஒன்பதாவது வருஷம் கோடையில் ஒரு பேச்சு அடிபட்டது. கரையில் சுற்றுலா விடுதி கட்டப் போகிறார்களாம், குடியிருப்பை எழுப்பிக் கீழே கொண்டுபோகப் போகிறார்களாம். யாரோ நாலு பேர் வந்து சங்கிலி பிடித்து அளந்துவிட்டுப் போனார்கள். இவர்களிடம் காகிதம் என்று ஒன்றும் கிடையாது. "காலங்காலமா இருக்கவங்கள அவ்வளவு லேசா எழுப்ப முடியாது" என்று விவரம் தெரிந்த ஒருவர் சொன்னார். அது ஒன்றுதான் எல்லாருக்கும் தைரியம்.

வடிவம்மாளின் மருமகள் பிரேமலதா எட்டாம் வகுப்பு வரை படித்தவள், வாயும் கொஞ்சம் கூர்மை. "அத்தே, அந்தக் காத்துக் கதைய மொதல்ல நிப்பாட்டச் சொல்லுங்க. நம்ம தலையில நாமளே மண்ணள்ளிப் போடுதோம்" என்றாள். வடிவம்மாள் பாக்கியசீலனிடம் சொன்னாள். அவன் சிரித்தான்.

"பார்ட்டிக்குச் சொல்லுத கதைய எவன் சட்டம்னு எடுப்பான்? அப்படியே கேள்வி வந்தாலும் நான் எங்க போயிட்டேன்? நானே வந்து நின்னு, அம்புட்டும் என் புளுகுன்னு சொல்லிருதேன். போதுமா?"

போதும் என்றுதான் அவளுக்குத் தோன்றியது. பிரேமலதாவிடம் வந்து, "அவன் இருக்கான்ட்டி, பயப்படாத" என்றாள்.

ஐப்பசி மழை விட்டதும் சிவகணேஷ் வந்தார். திருநெல்வேலி டவுணிலிருந்து, மனைவி விஜயஸ்ரீயோடு தனிப் படகில். அந்த அம்மாள் மரச்சீனிக்கிழங்கைத் தொடவில்லை, வெள்ளிக்கிழமை விரதம் என்றாள். அன்றைக்குப் புதன்கிழமை. ஆனால் சிவகணேஷ் அப்படியில்லை. சாணி மெழுகின தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார், காந்தாரி மிளகாயைத் தொட்டு இரண்டு துண்டு கிழங்கு தின்றார், கண்ணில் தண்ணீர் வழிய "ரொம்ப நல்லாருக்கும்மா" என்றார். வாய்க்கு வாய் அம்மா. வந்தவர்களில் இப்படி ஒரு தங்கமான மனுஷன் வந்ததில்லை என்று வடிவம்மாள் நினைத்தாள். அவர் உரல் மேல் டேப் ரெக்கார்டரை வைத்தபோது பாட்டுப் பிடிக்கப் போகிறார் என்று தொண்டையைக்கூடக் கனைத்துக்கொண்டாள்.

அவர் பாட்டும் கேட்கவில்லை, புலியும் கேட்கவில்லை.

"நீங்க இங்கன வந்து எத்தன வருஷம் இருக்கும்மா?"

வடிவம்மாள் கண் பலாமரத்துக்குப் போயிற்று. "எங்க மாமியா..." என்று வாயைத் திறந்தாள்.

"அட, வருஷக் கணக்கெல்லாம் இவங்களுக்கு ஏது சார்?" என்று பாக்கியசீலன் நடுவில் விழுந்தான். "ஒரு எடத்துல மூணு வருஷம் நிலைக்க மாட்டாங்க. நேத்து அங்கன, இன்னைக்கு இங்கன..."

"அப்ப இந்த எடம் இவங்களுக்குன்னு கிடையாது?"

"காத்துக்கு ஏது சார் பட்டா?"

"அம்மா சொல்லட்டும்" என்றார் சிவகணேஷ், ரொம்பப் பணிவாக.

"அப்படித்தானக்கா?" என்றான் பாக்கியசீலன்.

கதவுக்குப் பின்னாலிருந்து பிரேமலதா பலமாக இருமினாள். வடிவம்மாளுக்கும் என்னவோ போலத்தான் இருந்தது. வழக்கமாக இந்த இடத்தில் கண்ணைச் சிமிட்டுகிறவன், இன்று சிமிட்டாமல் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். விருந்தாளி முன்னால் அவனை விட்டுக்கொடுக்க அவளுக்கு மனசு வரவில்லை.

"ஆமா" என்றாள்.

தை பிறந்ததும் விசாரணை. பாபநாசத்தில் ஒரு பள்ளிக்கூடத்து அறையில் மேசை போட்டு ஓர் அதிகாரி உட்கார்ந்திருந்தார். குடியிருப்பு மொத்தமும் போய்ச் சுவரோரமாக நின்றது. எதிர்ப்பக்க நாற்காலியில் விடுதிக்காரர்களின் ஆளாகச் சிவகணேஷ் இருந்தார். வடிவம்மாள் கும்பிட்டாள். அவர் பதிலுக்குக் கும்பிடவில்லை, டேப்பைப் போட்டார்.

அறை முழுக்க அவளுடைய குரல் கேட்டது. ஆமா. சனம் திரும்பி அவளைப் பார்த்தது. ஒன்பது வருஷம் எல்லாரும் கூடிச் சிரித்த கதைதான், ஆனாலும் அந்த அறையில் அது அவள் ஒருத்தி சொன்னதாகவே இருந்தது.

"இது உங்க குரல்தானே?" என்றார் அதிகாரி. அவரைப் பொல்லாதவர் என்று சொல்ல முடியாது. குரலில் கோபமில்லை.

"என் கொரலுதான் ஐயா. ஆனா அது வெளையாட்டுக்குச் சொன்னது. வாரவுகளுக்குச் சொல்லுத கதை. பாக்கியசீலனக் கேளுங்க. கதை அவனோடது, அவன் சொல்லுவான்."

"வரச் சொல்லுங்க" என்றார் அதிகாரி.

பாக்கியசீலன் வந்தான். சலவைச் சட்டை, எண்ணெய் வைத்து வாரின தலை. அவனைப் பார்த்ததும் வடிவம்மாளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. பைய முன்னால் நகர்ந்து அவனைப் பார்த்துச் சிரித்தாள். சொல்லுலே, பயப்படாமச் சொல்லு என்கிற சிரிப்பு.

"நீங்க டூரிஸ்ட்டுகளுக்குச் சொல்றது உண்மையா, கட்டுக்கதையா?"

"உண்மைதான் சார்" என்றான் பாக்கியசீலன். "ஒம்பது வருஷமா பாக்கேன். நிலையா இருக்கவங்க இல்ல."

காது சரியாகக் கேட்கவில்லையோ என்று அவள் பிரேமலதாவைப் பார்த்தாள். பிரேமலதா பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

"ஏலே!" என்று வடிவம்மாள் கத்திவிட்டாள். "எங்க மாமியா வச்ச பலா நிக்கில்லா வாசல்ல! வருஷா வருஷம் அதுல பழம் தின்னவன்தானலே நீ! அதையாவது சொல்லுலே!"

அதிகாரி அவனைப் பார்த்தார். "பலாமரம் இருக்கா?"

"இருக்கு சார்." அவன் அவள் பக்கம் திரும்பவே இல்லை. "காட்டுப் பலா. தானா மொளைச்சது."

அதிகாரி எழுதிக்கொண்டார். இடம் போகும் என்பதுகூட அந்த நேரத்தில் வடிவம்மாளுக்கு இரண்டாவதாகத்தான் பட்டது. தானா மொளைச்சது என்று எப்படி அந்த வாய் கூசாமல் சொல்லிற்று என்பதே அவளுக்கு விளங்கவில்லை. பாம்புக்குப் பால் வார்த்தால் அது பாம்பாகவாவது இருக்கும். இவன் தம்பியாக வேஷம் போட்டுக் கொத்தினான், படுபாவி.

பங்குனி முடிவதற்குள் காலி செய்துவிட வேண்டும், கீழே ஓட்டு வீடு கட்டித் தருவார்கள் என்று முடிவாயிற்று. வெளியே வேப்பமரத்தடியில் பாக்கியசீலன் அவளிடம் வந்தான். வந்தானே, அந்தத் துணிச்சலைச் சொல்ல வேண்டும்.

"கோவப்படாதியக்கா. கீழ கரண்டு உண்டு, பஸ் உண்டு. புள்ளைய பள்ளிக்கூடம் போகும். விடுதி வந்தா போட்டு முழுக்க என் பொறுப்புல விடுதாங்க. ஒங்கள மறந்துருவேனா? பார்ட்டி வந்தா நேரே ஒங்க புது வீட்டுக்குத்தான் கூட்டியாருவேன்."

"சிவகணேசு யாருன்னு அன்னைக்கே ஒனக்குத் தெரியுமாலே?"

அவன் செருப்பால் மண்ணைக் கீறினான். "எனக்கும் குடும்பம் இருக்குல்லாக்கா" என்றான்.

அவள் அவனை அடிக்கவில்லை, மண்ணை வாரித் தூற்றவில்லை. தூற்றியிருக்கலாம், சனத்துக்கும் ஒரு ஆறுதலாக இருந்திருக்கும். ஒரு நிமிஷம் அவன் முகத்தைப் பார்த்தாள், முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு நடந்தாள்.

அணையில் அவனுடைய படகு காத்துக் கிடந்தது. ஒருவரும் ஏறவில்லை. தங்கள் மூங்கில் தெப்பங்களிலேயே போனார்கள். வடிவம்மாள் ஏறின தெப்பத்தில் மருமகளைத் தவிர வேறு யாரும் ஏறவில்லை. மற்ற தெப்பங்கள் முன்னாலே போயின. பெண்கள் தங்களுக்குள்ளே குசுகுசுத்துக்கொண்டே போனார்கள், நடுநடுவே திரும்பிப் பார்த்தார்கள். அவர்கள் என்ன பேசியிருப்பார்கள் என்று யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

பிரேமலதா துடுப்பைப் போட்டுக்கொண்டே வந்தாள். பாதித் தண்ணீர் தாண்டினதும் துடுப்பை நிறுத்தினாள்.

"அத்தே, நான் கேக்கேன்னு தப்பா நெனைக்காதிய. அன்னைக்கு நான் இருமினது ஒங்களுக்குக் கேட்டுது. கேட்டும் ஆமான்னிய. அப்படி அவன் ஒங்களுக்கு என்னதான் குடுத்தான்?"

வடிவம்மாள் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"அக்கான்னு கூப்பிட்டாம்ட்டி. வேற ஒண்ணும் குடுக்கல."