வாத்து இல்லாத நாலு நிமிடம்

பர்பேங்க் ஸ்டுடியோ வாசலில் காவலாளி அடையாள அட்டையைக் கேட்கக்கூட இல்லை. காருக்குள் எட்டிப் பார்த்தான். முகமெல்லாம் பல்லாக, வாத்து கத்துகிற மாதிரி "குவாக், குவாக்!" என்றான்.

வெண்டெல் ஹாஸ்கின்ஸ் சிரித்துவைத்தார். சிரிக்காவிட்டால் கிழவனுக்குத் தலைக்கனம் என்று அன்றைக்கே ஊர் முழுக்கப் பரவிவிடும். நாற்பத்தொரு வருடத்தில் நூற்றுப் பதினெட்டுப் படம். நீதிபதி, பாதிரியார், கொலைகாரன், பல் வைத்தியர் என்று போடாத வேஷமில்லை. என்ன பிரயோசனம்? இருபது வருடத்துக்கு முன்னால் ஒரு கிறிஸ்துமஸ் காமெடியில் வாத்து துரத்த, வேலி தாண்டி ஓடும் தபால்காரராக மூன்றே நிமிடம் வந்தார். ஜனங்கள் அதைப் பிடித்துக்கொண்டு விடவே மாட்டேன் என்கிறார்கள். மளிகைக் கடையில் குவாக். பல் பிடுங்கப் போன இடத்தில் குவாக். தங்கையின் சவ அடக்கத்தில்கூட ஒரு மனுஷன் கையைப் பிடித்து அனுதாபம் சொல்லிவிட்டு, போகிறபோக்கில் மெதுவாக ஒரு குவாக் சொல்லிவிட்டுப் போனான்.

அதனால்தான் இந்தப் படத்தை அப்படிக் கட்டிப்பிடித்தார். சுரங்கம் இடிந்து மகன் உள்ளேயே செத்துப்போனான்; அதை மருமகளிடம் வந்து சொல்லவேண்டிய பழைய நிலக்கரித் தொழிலாளி அவர். ஒரே காட்சி, நாலு நிமிடம். அதற்காக முப்பது பவுண்டு இளைத்தார். மேற்கு வர்ஜீனியாவில் மூன்று வாரம் சுரங்கக்காரர்களோடு உட்கார்ந்து, அவர்கள் இருமுவதைக்கூடக் கற்றுக்கொண்டார். எழுபது வயதிலாவது அந்தப் பாழாய்ப்போன வாத்தைத் தலைமுழுகிவிடலாம் என்று நம்பினார்.

ரெண்டு வரி மறுபடி பேசிக்கொடுக்கத்தான் கூப்பிட்டிருந்தார்கள். ஒலிப்பதிவு அறையில் இயக்குநர் டேனா மெரிக் தன் கையாலேயே காபி கொண்டுவந்து கொடுத்தாள். அவர் கோப்பையைத் தொடாமல் மேஜையில் வைத்தார்.

"என்னம்மா, என் காட்சியை வெட்டிட்டியா?"

"ஐயோ, முழுசாக் கேளுங்க. போன வாரம் பசடேனாவுல முந்நூறு பேருக்குப் படத்தைப் போட்டுக் காட்டினோம். நீங்க கதவைத் திறந்து உள்ள வர்றீங்க..." அவள் நிறுத்தினாள்.

"குவாக்கா?"

"பின்வரிசையில ஒருத்தன்தான் ஆரம்பிச்சான். அப்புறம் தியேட்டரே சிரிச்சு, கைதட்டி... வசனம் ஒண்ணுகூடக் காதுல விழல. உங்க மேல அவ்வளவு பிரியம், வெண்டெல்."

"பிரியமாம் பிரியம்! என் கழுத்தை அறுக்கிறானுங்கன்னு சொல்லு."

தயாரிப்பாளர் காட்சியையே தூக்கச் சொல்லிவிட்டாராம். இவள் மல்லுக்கு நின்று ஒரு வழி கண்டுபிடித்திருந்தாள். கேமரா மருமகள் முகத்திலேயே நிற்கும். அவருடைய முதுகும் தொப்பியும்தான் தெரியும். குரலையும் மாற்றிப் பேசித் தரவேண்டும்.

"ஆள் யாருன்னே தெரியக் கூடாது," என்றாள்.

"அப்ப நான் எதுக்குடி? தெருவுல போறவன் எவனுக்காவது தொப்பியை மாட்டி உக்கார வைக்கிறதுதானே!"

"அதைப் பேச உங்களை விட்டா ஆளில்ல. வேணாம்னா சொல்லுங்க, தூக்கிடறேன்."

அவர் ஹெட்போனை மேஜையில் விட்டெறிந்தார். கதவுவரை போனார். அந்தக் கதவைத் தாண்டினால் நாலு நிமிடமும் குப்பைக்குப் போகும் என்பது அவருக்குத் தெரியும். திரும்பி வந்து ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டார்.

கரித்தூள் அடைத்த நெஞ்சிலிருந்து வரும் குரலில், மகன் இனிமேல் வரமாட்டான் என்று சொன்னார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம், காலையில் தானும் ஒரு குவாக் சொல்லி வரவேற்ற ஒலிப்பதிவாளர் கஸ், பதிவை நிறுத்த மறந்து உட்கார்ந்திருந்தான்.

படம் வெளியான வாரம் கிளெண்டேலில் மதியக் காட்சிக்குத் தனியாகப் போனார். தொப்பியைக் கண்வரை இழுத்துவிட்டுக்கொண்டார். அந்தக் காட்சி வந்தது. ஒரு குவாக் இல்லை, ஒரு சிரிப்பில்லை. பக்கத்தில் இருந்த நடுவயதுப் பெண் கைப்பையைத் துழாவிக் காகிதக் கைக்குட்டை எடுத்தாள். வெண்டெலுக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. இருபது வருடமாக அவர் ஏங்கியது இந்த நிசப்தத்துக்குத்தான்.

படம் முடிந்து விளக்கு போட்டார்கள். அந்தப் பெண் திரும்பினாள். அழுது சிவந்த கண் அகல விரிந்தது.

"அட, நீங்களா! பாருங்க, என் மூஞ்சி இருக்கிற லட்சணத்தை. அந்தப் பெரியவர் பேசினாரே, செத்துப்போன எங்கப்பா வந்து பேசின மாதிரியே இருந்துச்சு. யாருங்க அந்த நடிகர்?"

"நான்தாம்மா அது."

அவள் ஒரு கணம் விழித்தாள். பிறகு அவர் தோளில் தட்டித் தட்டிச் சிரித்தாள். "போங்க சார்! உங்களுக்கு எப்பவும் விளையாட்டுத்தான்!"

"நிஜமாத்தான். அங்க பாருங்க, பேரு வருது."

அவள் பார்க்கவில்லை. திரைக்கு முதுகைக் காட்டி நின்று, அவர் தோளோடு தோள் சேர்த்து, போனை உயர்த்திக்கொண்டிருந்தாள். "எங்கம்மாவுக்கு அனுப்பணும். ஒரே ஒரு தடவை சொல்லுங்க சார், ப்ளீஸ்!"

அவர் பெயர் மெல்ல மேலேறித் திரையின் விளிம்பைத் தாண்டிப் போயிற்று.

"குவாக்," என்றார் வெண்டெல்.