ரெத்தினபாயின் முழங்கால் தண்ணீர்

இதை எனக்கு முதலில் சொன்னது எங்கள் ஜெபக்கூட்டத்து ஒய்ஸ்லின் அக்கா. போன கார்த்திகையில், மழை விட்ட மறுநாள், ஆலயத்துப் பாய்களை வெயிலில் விரித்துக்கொண்டே சொன்னாள்.

அவள் பிறந்த ஊரில், வெள்ளத்தில் அடிபட்டவர்களுக்கு ஆஸ்பத்திரி எண் போடும்வரை, காலைச் சுற்றி நின்ற தண்ணீர் அவர்களை விட்டுப் போகாது. என்ன காயம், எதனால் பட்டது, அப்போது அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதையெல்லாம் எழுத்தும் எண்ணுமாகச் சுருக்கி எழுதுகிற வேலை அது. மெடிக்கல் கோடிங் என்பார்கள். ஊர் காய்ந்து புழுதி பறந்தாலும், எண் வராதவர்கள் முழங்கால் தண்ணீரோடுதான் கடைக்குப் போவார்கள், பஸ் ஏறுவார்கள். அவர்கள் பக்கத்து சீட்டில் கண்டக்டர் யாரையும் உட்கார வைக்க மாட்டார். அவ்வளவுதான்.

அந்த ஊர் ரெத்தினபாய்க்கு இடது கணுக்காலில் அடி. வெள்ளத்தில் மரக்கட்டில் மிதந்து வந்து இடித்துவிட்டது. மூன்று தையல். தெருவில் எல்லாருக்கும் எண் வந்து தண்ணீர் போய்விட்டது. அவளுக்கு மட்டும் நாற்பது நாளாகியும் போகவில்லை. ஆலயத்தில் அவள் உட்காரும் பெஞ்சுக்கு, மணி அடிக்கிறவர் செங்கல் வைத்து உயர்த்திக் கொடுத்திருந்தார். தண்ணீருக்குள் ஒரு கெண்டைக்குஞ்சு வளர்ந்தது. அதற்குச் சோற்றுப் பருக்கை போடுவாள்.

வீட்டுக்காரர் காலமாகி ஆறு வருஷம். மூத்தவன் மஸ்கட்டில், இளையவன் பெங்களூரில். ஞாயிற்றுக்கிழமை கூப்பிடுவார்கள். "தண்ணி இரைச்சல்ல ஒண்ணும் கேக்கலம்மா" என்று வைத்துவிடுவார்கள்.

எண் வராததற்குக் காரணம் ரெத்தினபாய்தான். கோடிங் ஆபீஸில் பெனிலா என்று ஒரு பெண். தினம் பதினோரு மணிக்குக் கூப்பிட்டு ஒரே கேள்வியைக் கேட்பாள்.

"அடிபடும்போது என்ன செஞ்சுக்கிட்டு இருந்தீங்கம்மா?"

"யோசிச்சுச் சொல்லுதேன் மக்ளே. நீ சாப்பிட்டியா?"

"பதினோரு மணிக்கு யாரும்மா சாப்பிடுவா?"

"அப்ப காலையில?"

"உப்புமா."

"அதெல்லாம் ஒரு சாப்பாடா."

ஒருநாள் துணி மடித்தேன் என்பாள். மறுநாள், அது முந்தின வெள்ளத்தில் என்பாள். பெனிலா அழித்துவிட்டு மறுபடி கேட்பாள். பதில் சொன்னால் எண் வரும். எண் வந்தால் தண்ணீர் போகும். தண்ணீர் போனால் பெனிலா கூப்பிட மாட்டாள். இதை ரெத்தினபாய் ஜெபத்தில்கூடச் சொல்லாமல் வைத்திருந்தாள்.

ஒரு வெள்ளிக்கிழமை பெனிலா சொன்னாள்: "இன்னைக்கோட உங்க ஃபைலை மூடுறாங்கம்மா. எண் இல்லாம மூடிட்டா தண்ணி உங்களோடயே இருந்துரும். நானும் இனி கூப்பிட முடியாது."

ரெத்தினபாய் மீனைக் கொஞ்சநேரம் பார்த்தாள்.

"எழுதிக்கோ மக்ளே. ஒண்ணும் செய்யல. தண்ணி உள்ள வந்ததும் மாடிக்கு ஏறியிருக்கலாம். பிள்ளைங்க யாராவது கூப்பிடுவாங்கன்னு போன் பக்கத்துலயே நின்னேன். அப்பதான் கட்டில் வந்து இடிச்சுது."

பெனிலா கம்ப்யூட்டரில் தேடிப் பார்த்தாள்.

"நடந்தா நம்பர் இருக்கும்மா. சமைச்சா இருக்கு. பின்னல் போட்டாக்கூட இருக்கு. காத்துக்கிட்டு நிக்கிறதுக்கு இல்ல."

"அப்ப அந்த இடத்தைச் சும்மா விட்டுரு."

"நடுவுல சும்மா விடக்கூடாதும்மா. எக்ஸ்ங்கிற எழுத்தைப் போட்டு நிரப்பணும்."

"எத்தனை?"

"மூணு." கொஞ்சம் கழித்து, "நாளைக்கு இட்லி சாப்பிடுறேம்மா" என்று சொல்லி வைத்தாள்.

தண்ணீர் வாசல்படி இறங்கிப் போனது. மீனும் கூடவே போனது. ரெத்தினபாய் சேலைத் தலைப்பால் பாதத்தைத் துடைத்துக்கொண்டாள்.

நாலு மணிக்கு எக்ஸ் மூன்று பேரும் வந்தார்கள். கையையும் காலையும் அகட்டியே நிற்பவர்கள் என்பதால் கதவின் இரண்டு பக்கத்தையும் திறக்க வேண்டியிருந்தது.

"உங்க பேரு?"

"எக்ஸ்."

"உங்க பேரு?"

"எக்ஸ்."

மூன்றாமவர், "நானும்தாம்மா" என்றார்.

காலி இடத்தில் இருப்பதுதான் அவர்கள் வேலை. ஒருவர் மூத்தவன் அறையில் இருந்தார். ஒருவர் இளையவன் அறையில். மூன்றாமவர் வீட்டுக்காரருடைய ஜன்னலோரம் போனார். சாயங்கால ஜெபத்துக்கு மூவரும் முழங்கால் போட்டு, ஆமென் மட்டும் சொன்னார்கள்.

ஞாயிற்றுக்கிழமை மூத்தவன் கூப்பிட்டான்.

"இப்ப நல்லாக் கேக்குதும்மா. அங்க யாரு இருமுறது?"

"உன் இடத்துல இருக்கிறவர் மக்ளே."

"அப்படியா. அப்ப நான் அடுத்த மாசம் கூப்பிடுதேன்" என்றான்.

திங்கட்கிழமை பதினோரு மணிக்குப் போன் அடிக்கவில்லை. நாலு பேரும் அதைப் பார்த்துக்கொண்டு இருந்தார்கள்.

ஜன்னலோரத்தில் கிடப்பது கை வைத்த நாற்காலி. அகட்டிய கையோடு அதில் உட்கார முடியாமல் மூன்றாமவர் இன்னும் நின்றுகொண்டிருக்கிறாராம். நீங்கள் அந்தப் பக்கம் போவதாக இருந்தால், கை இல்லாத நாற்காலி ஒன்று கொண்டுபோய்க் கொடுத்துவிடுங்கள்.