மாத் தேத்தண்ணி

ஆட்டிறைச்சித் துண்டு ஒன்று நடுநெஞ்சில் போய்க் குந்திக்கொண்டபோது நான் சண்முகநாதன் அண்ணையின் பகிடிக்குச் சிரித்துக்கொண்டிருந்தேன். டோர்செட் பார்க்கில் இருந்த அவருடைய வீட்டில் மகளுக்குப் பிறந்தநாள். மூச்சு வந்தது, ஆனால் எச்சில்கூட இறங்கவில்லை. பக்கத்தில் இருந்த என் மனுசி தவமலர் வழக்கம்போலத் தண்ணீர்க் கிளாசை நீட்டினாள். குடித்த தண்ணீரும் வந்த வழியே திரும்பி வந்தது.

"புரக்கேறிப்போச்சு. ஆரோ நினைக்கினம்" என்று சண்முகநாதன் அண்ணை என் உச்சியில் தட்டினார்.

நல்லாய்த்தான் நினைத்தார்கள். அம்புலன்சில் ஏற்றிக்கொண்டுபோய், தொண்டைக்குள் குழாய் விட்டுத்தான் அந்தத் துண்டை எடுத்தார்கள்.

எனக்கு இது புதிதல்ல. சாப்பாட்டு மேசையில் எப்போதும் நான்தான் கடைசி ஆள். ஒரு வாய் சோறு, ஒரு மிடறு தண்ணீர். வேலையிடத்தில் 'தண்ணிப்பாம்பு' என்று எனக்குப் பட்டமே உண்டு. யார் எழும்பிப் போனாலும் தவமலர் எழும்பமாட்டாள். எச்சில் கை காயக் காய, மற்றக் கையில் கிளாசை வைத்துக்கொண்டு, என் தொண்டை ஏறி இறங்குவதையே பார்த்தபடி இருப்பாள். அந்தப் பார்வை இல்லாவிட்டால் நான் எப்போதோ சாப்பாட்டைக் கண்டு பயந்து ஓடியிருப்பேன்.

பிறகு ஆஸ்பத்திரியில் இருந்து என்னை அனுப்பிய இடத்தில் ஒரு வெள்ளைக்காரப் பெண் டொக்டர். என் உணவுக்குழாயின் உள்ளே எடுத்த படத்தைக் காட்டினார். வக்குவம் கிளீனர் குழாய் மாதிரி வளையம் வளையமாக இருந்தது. இது நெஞ்சை எரிக்கிற அசிட் இல்லை, ஒவ்வாமை என்றார். ஏதோ ஒரு சாப்பாட்டை உடம்பு எதிரியாக நினைத்துச் சண்டை பிடிக்கிறதாம். அந்தச் சண்டையில் குழாய் வீங்கி, இறுகி, சோறு போகிற வழி ஒடுங்கிவிடுகிறதாம். ஈசினோஃபிலிக் ஈசோஃபஜைட்டிஸ். அந்தப் பெயரே என் தொண்டையில் சிக்கியது. டொக்டர்மாருக்கே இது இப்போதுதான் பிடிபட்டு வருகிறது என்று ஒளிக்காமல் சொன்னார். தனக்குப் பாலில்தான் முதல் சந்தேகம், அதை அடியோடு விட்டுப் பார்ப்போம் என்றார்.

வீட்டுக்கு வந்த கையோடு தவமலர் தேங்காய்ப்பாலை நிற்பாட்டினாள். எங்கள் அடுப்படியில் பால் என்றால் அதுதானே. சொதி போனது. கத்தரிக்காய்க் குழம்பு கறுத்துப் புளித்தது. இடியப்பத்தைச் சம்பலோடு மட்டும் விழுங்குவது எனக்குப் பெரும் வதையாய் இருந்தது. அவளும் அதையேதான் சாப்பிட்டாள்.

"உமக்கெண்டாலும் பால் விட்டுக் காய்ச்சுமன்" என்றேன்.

"எனக்கு மட்டும் என்னத்துக்கு? பேசாமல் சாப்பிடுங்கோ."

மிச்சமிருந்த ஒரே ஆறுதல் தேத்தண்ணி. தகரப் பேணியில் இருந்து கரண்டி குவியக் குவிய மா போட்டு, நுரைக்க ஆற்றித் தருவாள்.

மறுபடி குழாய் விட்டுப் பார்த்தார்கள். முடிவு கேட்க இரண்டு பேருமாகப் போனோம். ஒரு மாற்றமும் இல்லையாம். இனி எல்லாச் சாப்பாட்டையும் நிற்பாட்டி, கொஞ்சக் காலம் போத்தலில் வருகிற சத்துக் கரைசல் மட்டும் குடிக்க வேண்டிவரலாம் என்றார் டொக்டர்.

"சோறும் குடுக்கேலாதோ?" தவமலரின் குரல் உடைந்தது. எனக்கு ஆத்திரம் ஆத்திரமாய் வந்தது. அவள் சமையலை இனி மணந்து பார்த்துவிட்டுப் படுக்கவா?

டொக்டர் உடனே பேனையை எடுக்கவில்லை. கதிரையைக் கிட்ட இழுத்துப்போட்டுக்கொண்டு, இன்று காலையில் என்ன சாப்பிட்டாய் என்று கேட்டார்.

"ரீ" என்றேன், தேத்தண்ணியை.

பால் விட்டா?

"நோ, நோ. ஃபிளவர்." மாவுக்கு எனக்குத் தெரிந்த இங்கிலிஷ் அதுதான்.

அவர் புருவத்தைச் சுருக்கி, என்ன பூ என்று கேட்டார்.

நான் விளக்கப்போய் இன்னும் குழப்பினேன். தவமலர் பொறுக்கமாட்டாமல் கைப்பையில் இருந்த ஃபிளாஸ்கை எடுத்து, மூடியில் கொஞ்சம் ஊற்றி நீட்டினாள். டொக்டர் நிறத்தைப் பார்த்தார். மணந்து பார்த்தார். பிறகு, மிக மெதுவாக, இது பால், பசும்பாலைக் காயவைத்துச் செய்த தூள் என்றார்.

"ஐயோ, உது மா எல்லோ!" என்றாள் தவமலர். சின்ன வயதில் இருந்தே எங்கள் வாயில் அதற்குப் பெயர் மாதான், பால் அல்ல.

"அப்ப தேங்காய்ப்பால்?" என்று என் இங்கிலிஷில் கேட்டேன். தேங்காய் மாட்டில் காய்ப்பதில்லையே என்றார் டொக்டர். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்களுக்கும்தான். தவமலர் சிரித்துக்கொண்டே அழுதாள். அந்த டொக்டர் மனுசி மட்டும் மினக்கெட்டு ஒரு தேத்தண்ணியை விசாரித்திராவிட்டால் என் கதி என்ன? எந்தக் கோயிலுக்குப் போனாலும் அவவின் பெயருக்கும் சேர்த்துத்தான் கும்பிடுகிறேன்.

மாப்பேணி பக்கத்து அப்பார்ட்மெண்டுக்குப் போனது. எங்கள் அடுப்பில் மறுபடி சொதி கொதித்தது. அடுத்த முறை எடுத்த படத்தில் வளையங்கள் தணிந்திருந்தன. இது முற்றாகச் சுகமாகிற வருத்தமில்லை, பாலைத் தொட்டால் திரும்பி வரும் என்று டொக்டர் எச்சரித்தார். வரட்டும், இனி ஆளைத் தெரியும் என்று நினைத்துக்கொண்டேன்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் இடியப்பம், சொதி, ஆட்டிறைச்சிக் கறி. வெளியே பனி கொட்டியது. காரைத் தோண்டி எடுக்க வேண்டிவருமே என்று புறுபுறுத்தபடி சாப்பிட்டேன். குழைத்து, அள்ளி, கதைத்து, விழுங்கி. திடீரெனத் தவமலர், "முடிஞ்சுதோ?" என்றாள்.

என் தட்டு வெறுமையாய் இருந்தது. அவள் கையில் கிளாஸ் தளும்பத் தளும்ப அப்படியே இருந்தது.

அது யாருடையதென்று தெரியாதவள் போல அவள் அதைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு அண்ணாந்து மடக்கு மடக்கென்று குடித்தாள். பாதியில் புரக்கேறிவிட்டது. கண்ணால் நீர் வழிய இருமினாள்.

வலக்கையெல்லாம் சொதி. இடக்கையால் எட்டி அவளுடைய உச்சியில் தட்டினேன்.

"ஆரோ நினைக்கினம்" என்றேன்.

இருமல் நின்ற பிறகும் கையை எடுக்கவில்லை.