மூக்கு சிவக்காத அழுகை

வில்மாவைக் கண்டாலே எனக்கு ஆகாது. எங்கள் கட்டடத்தின் காவல்காரி. வாசல் சாவியும் அவளிடம், குடியிருப்பவர்களின் குடுமியும் அவள் கையில். இவளைப் போன்றவர்கள் ஒளிந்திருக்கும் யூதர்களைக் காட்டிக்கொடுப்பதாகப் புடாபெஸ்ட் முழுக்கப் பேச்சு.

என் போலி அடையாளக் காகிதத்தில் நான் எதெல், கத்தோலிக்கப் பெண், ரஷ்யப் போர்முனையில் செத்தவனின் விதவை. நிஜத்தில் யூதப் பெண். யூதர்கள் நடிக்கக்கூடாது என்று சட்டம் வரும்வரை இந்த ஊர்ச் சினிமாச் சுவரொட்டியெல்லாம் என் முகம்தான். முடியை வெட்டிச் சாயம் பூசிக்கொண்டேன். முகத்தை என்ன செய்வது?

கல்லறைத் திருநாள் மாலை, பெண்கள் நிலவறையில் செத்தவர்களுக்காக மெழுகுவர்த்தி ஏற்றினார்கள். விதவை நான் மரம் மாதிரி நிற்க முடியுமா? அழுதேன். வில்மா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

படியில் வழிமறித்தாள். "ஏம்மா எதெல், நல்லாத்தான் அழுதே. ஆனா மூக்கு செவக்கலியே. ஒரு உறிஞ்சல்கூட இல்ல. எழவு வீட்டுல அழுது பழக்கமில்லையோ?"

"ஒவ்வொருத்தர் ஒவ்வொரு மாதிரி அழுவாங்கக்கா."

"அது சரி. ஊர்ல உங்கம்மா சௌக்கியமா?"

"சௌக்கியம்தான்."

பாவி, மோப்பம் பிடித்துவிட்டாள். அது கேமராவுக்குப் பழகிய அழுகை. முகம் கோணக்கூடாது, ஒரே ஒரு சொட்டு கன்னத்தில் இறங்க வேண்டும். ஓடிவிடலாமென்றால் வாசல் சாவி அவளிடம்.

மறுநாள் காலை, யூதர்களைத் தேடும் பச்சைச் சட்டைக்காரர்கள் இருவர் என் கதவைத் தட்டினார்கள். பின்னால் வில்மா. அவளேதான், வேறு யார்?

மூத்தவன் காகிதத்தைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "உன்ன எங்கயோ பாத்திருக்கேனே. புருஷன் எப்படிச் செத்தான்?"

பழக்கதோஷம், கண்ணீர் அழகாகத் திரண்டது. அவன் தலையைச் சாய்த்துப் பார்த்தான். சுவரொட்டியைப் பார்ப்பவர்கள் அப்படித்தான் சாய்ப்பார்கள். இந்தச் சொட்டு விழுந்தால் தொலைந்தேன்.

அம்மாவை நினைத்தேன். கோடையில் மாகோ ஊரிலிருந்து ரயிலில் ஏற்றிக்கொண்டு போனார்களாம். பிறகு ஒரு சேதியும் இல்லை. அவளுக்காக நான் அழுததே இல்லை. அழுதால் ஏன் என்று கேட்பார்களே. இப்போது வந்தது. வாய் கோணியது, மூக்கு ஒழுகியது, மாடு கத்துவதுபோல் கத்திக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

"சே, போதும்" என்று அவன் காகிதத்தை வீசிவிட்டுப் போனான். அடுத்த வீட்டுக் கதவைத் தட்டும் சத்தம் கேட்டது.

வில்மா மட்டும் நின்றாள். இடுப்பில் கட்டியிருந்த வேலைத்துணியால் என் மூக்கைத் துடைத்தாள். "இது அழுகை. யாருக்கு?"

"அம்மாவுக்கு."

வாயை அடக்குவதற்குள் வந்துவிட்டது. அம்மா சௌக்கியம் என்று நேற்றுதானே சொன்னேன்! அவள் படியிறங்கினாள். அவர்களைக் கூப்பிடத்தான் போகிறாள் என்று கோட்டை மாட்டிக்கொண்டு நின்றேன்.

திரும்பி வந்தபோது அவள் கையில் ஒரு மெழுகுவர்த்தித் துண்டு இருந்தது.

"நேத்து ஒண்ணு கொறஞ்சிருச்சு," என்றாள். "கதவத் தாழ்ப்பாள் போட்டுட்டு ஏத்து."