கலாவதியின் அன்புக் கணவர்

தெருமுனையில் ஒலிபெருக்கி திடீரென்று வீறிட்டது. பந்தலுக்குள் கதிரை அடுக்கிக்கொண்டிருந்தவர்கள் கையிலிருந்ததைக் கீழே வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தார்கள்.

"மரண அறிவித்தல்! அமிர்தகழியைப் பிறப்பிடமாகவும் வசிப்பிடமாகவும் கொண்ட கந்தப்பிள்ளை தயாகரன் அவர்கள் நேற்றுக் காலமானார்."

ஆட்டோவின் கூரையில் ஒலிபெருக்கியைக் கட்டியிருந்தார்கள். வீட்டு வாசலுக்கு நேரே வந்ததும் ஓட்டுநர் வேகத்தைக் குறைத்தான். செத்தவீட்டுக்காரருக்கு ஒரு சொல்லும் தவறாமல் கேட்க வேண்டும் என்ற மரியாதை அது.

"அன்னார், காலஞ்சென்ற கந்தப்பிள்ளை மற்றும் இலட்சுமிப்பிள்ளை தம்பதிகளின் அன்பு மகனும், கலாவதியின் அன்புக் கணவரும், காலஞ்சென்ற சாமித்தம்பி மற்றும் சின்னத்தங்கம் தம்பதிகளின் அன்பு மருமகனும், திவாகரன், வதனி ஆகியோரின் பாசமிகு சகோதரனும் ஆவார்."

ஆட்டோ போய்விட்டது. அடுத்த தெருவில் அதே வாசகம் மறுபடி முதலிலிருந்து கேட்டது.

பக்க அறையில், சுவரில் முதுகைச் சாய்த்துத் தரையில் இருந்தாள் கிளாறிஸ். இறந்தவனின் மனைவி அவள்தான். அருகே பிளாஸ்டிக் கதிரையில் அவளுடைய தகப்பன் ஹோரேஸ். விடிந்ததும் பஸ் பிடித்து வந்தவர், தொப்பியை முழங்காலில் வைத்தபடி இன்னும் அப்படியே இருந்தார்.

"மகள்."

"என்ன அப்பா."

"உன்ட புருஷனுக்கு மாமா செத்துப்போயிட்டார் எண்டு சொல்லுறான். நான் செத்துப்போனனா?"

"நீங்க இல்ல. சாமித்தம்பி மாமா. அவர் போன வருஷம் செத்தவர்தானே."

"அவரா உனக்கு அப்பா?"

"கல்யாணத்தண்டில இருந்து அப்பிடித்தான்."

ஹோரேஸ் தலையை மெல்ல ஆட்டினார். கோபப்படவில்லை. யாரோ முகவரி கேட்டு, இவர் பிழையான வழி காட்டிவிட்டதுபோல ஒரு பார்வை மட்டும் வந்து போனது.

கிளாறிஸ் அழவில்லை. நேற்றுப் பின்னேரம் கணவனுடைய கடையிலிருந்து ஆள் ஓடிவந்து விஷயத்தைச் சொன்னபோதும் அழவில்லை. குளிர்சாதனப் பெட்டி ஒன்றைத் திறந்து பழுது பார்த்துக்கொண்டிருந்த தயாகரன் அப்படியே சாய்ந்துவிட்டானாம். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே எல்லாம் முடிந்துவிட்டதாம். அவள் கேட்டாள். அடுப்பை நிறுத்தினாள். செருப்பைத் தேடினாள். அதன் பிறகு அவளுக்குள் ஒன்றும் அசையவில்லை.

யன்னலுக்கு வெளியே இரண்டு பெண்கள் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"ஒரு சொட்டுக் கண்ணீர் வரல்லியேகா அவளுக்கு."

"பறங்கி ஆக்களுக்கு அழத் தெரியாதுகா. அவங்க செத்தவீட்டுக்கும் பைலாதான் பாடுவாங்களாம்."

"சும்மா கிடகா. உள்ளுக்கு இரிக்காள், காதில விழப்போகுது."

காதில் விழுந்தது. விழுந்து, அங்கேயே கிடந்தது.

ஹோரேஸ் பறங்கியர், போர்த்துக்கேயர் வழிவந்த கிறிஸ்தவர். கல்லடிப் பாலத்துக்கு அப்பால் லேத் பட்டறை வைத்திருந்தவர். அவர்கள் குடும்பத்தில் ஒவ்வொரு தலைமுறையிலும் ஒரு கிளாறிஸ் இருந்தாள். ஹோரேஸின் அத்தை ஒரு கிளாறிஸ். ஊர்ப் பெண்களுக்குத் தையல் சொல்லிக்கொடுத்தவர். ஹோரேஸின் அக்காள் ஒரு கிளாறிஸ். அவர்தான் இவளுக்கு ஞானத்தாயாக நின்று, தேவாலயத்தில் பிள்ளையின் தலையில் தண்ணீர் வார்க்கும்போது தன்னுடைய பெயரையே கொடுத்தவர். "வெளிச்சம் எண்டு அர்த்தம் இந்தப் பேருக்கு. வெச்சுக்கொண்டு இருட்டில இரிக்காத" என்று இவளுக்கு விபரம் தெரிந்த வயதிலும் சொல்லிக்கொண்டே இருப்பார். சுனாமி வந்த காலையில் அந்த அக்காளையும் ஹோரேஸின் மனைவி எறிக்காவையும் கடல் கொண்டுபோனது. அதற்குப் பிறகு அந்தப் பெயருக்கு மிஞ்சியவள் இவள் ஒருத்தி.

தயாகரன் அந்தப் பட்டறைக்குத் தொழில் பழக வந்தவன். தேநீர் கொண்டுவந்து வைத்த பெண்ணைப் பார்த்தான். வீட்டுக்குப் போய்த் தாயிடம் பெயரைச் சொன்னான்.

"என்னடா பேர் அது? மருந்துப் போத்தல்ல எழுதியிருக்கிற மாதிரி" என்றார் இலட்சுமிப்பிள்ளை. அழுதார், சாப்பிடாமல் கிடந்தார், கடைசியில் ஒரு நிபந்தனையோடு எழும்பினார். பறங்கிப் பெட்டை வரலாம். அந்தப் பேர் இந்த வீட்டுக்குள் வரக்கூடாது.

மணவறையில் ஹோரேஸுக்கு இடமில்லை. பெண்ணைத் தாரை வார்க்கச் சைவத் தகப்பன் வேண்டும் என்றார்கள். இலட்சுமிப்பிள்ளையின் தம்பி சாமித்தம்பியும் அவர் மனைவி சின்னத்தங்கமும் பெற்றோராக நின்றார்கள். பெண்ணின் பெயர் என்ன என்று குருக்கள் கேட்டார். யாரும் அதை யோசித்து வைத்திருக்கவில்லை. சாமித்தம்பி வாயில் வந்ததைச் சொன்னார். கலாவதி. ஒரு தேங்காய் உடைகிற நேரத்தில் அவள் கலாவதி ஆனாள். ஹோரேஸ் மண்டபத்தின் பின்வரிசையில் நின்று கை தட்டினார். அங்கே கை தட்டும் வழக்கம் இல்லை என்பது அவருக்குத் தெரியாது.

அதே வீட்டில் மூத்தவன் திவாகரனுக்கு மகன் பிறந்தபோது, கைத்தொலைபேசியில் தேடிப்பிடித்து லக்ஷன் என்று பெயர் வைத்தார்கள். நாக்கு லேசில் மடங்காத பெயர். அர்த்தத்தைக் கேட்டால் ஆளுக்கு ஒன்று சொன்னார்கள். இலட்சுமிப்பிள்ளை இரண்டு நாள் சொல்லிச் சொல்லிப் பார்த்து அந்தப் பெயரைப் பழகிக்கொண்டார்.

தயாகரன் மட்டும் ஒரு வேலை செய்வான். வீட்டுக்குள் அவனும் "கலா" என்றுதான் கூப்பிடுவான். மோட்டார் சைக்கிளில் அவளை ஏற்றிக்கொண்டு கல்லடிப் பாலத்தில் ஏறியதும், வாவிக் காற்று முகத்தில் அடிக்கிற இடத்தில், தலையைத் திருப்பாமலே "கிளாறி" என்பான். அவள் "ம்" என்பாள். வேறு ஒன்றும் பேசமாட்டார்கள். பாலத்தின் மறுகரையில் அவள் கிளாறிஸாக இறங்குவாள். திரும்பி வரும்போது கலாவதியாக ஏறுவாள். பிள்ளைகள் இல்லாத அந்த வாழ்க்கையில் அவர்கள் இருவருக்கு மட்டும் சொந்தமாக இருந்தது அது ஒன்றுதான்.

இப்போது வாவிக்கு இந்தப் பக்கத்தில் அந்தப் பெயரைச் சொல்ல ஆள் இல்லை.

திவாகரன் அறைக்குள் வந்தான். வெள்ளை வேட்டி, சவரம் செய்யாத முகம், இரண்டு கையிலும் இரண்டு தொலைபேசி.

"கலா, ஏதும் குடிச்சியா? பிளேன்டீ கொண்டுவரச் சொல்லட்டா?"

"அத்தான், ஒரு விஷயம்."

"சொல்லு."

"ஆட்டோக்காரன் பின்னேரம் இன்னொருக்காச் சுத்தி வருவான்தானே. அதில என்ட பேரைச் சொல்லச் சொல்லுங்க."

"சொன்னவன்தானே. நானும் கேட்டுக்கிட்டுத்தான் நிண்டனான்."

"அது நீங்க வெச்ச பேர். நான் கேட்கிறது என்ட பேர். என்ட அப்பாட பேர். இந்தா, உயிரோட இரிக்கார்."

திவாகரன் கதவை மெல்லச் சாத்தினான். கெட்டவன் இல்லை அவன். தம்பியின் உடலை ஆஸ்பத்திரியிலிருந்து எடுத்து வரும்போது குமுறி அழுதவன்.

"கலா, உனக்குத் தெரியாததா? தங்கச்சி வதனிக்கு மண்டூர்ல கலியாணம் பேசி முடிச்சிரிக்கு. அவங்க ஆக்கள் வந்து முன் கதிரையில இரிக்காங்க. இவ்வளவு நாளும் ஒண்டும் சொல்லல்ல. இப்ப ஒலிபெருக்கியில பறங்கிப் பேரைப் போட்டா, என்னண்டு நினைப்பாங்க?"

"அவர்ர பொஞ்சாதிட பேர் எண்டு நினைப்பாங்க."

"ஊருக்குத் தெரிஞ்ச பேர்தானே போடணும். அந்தப் பேரை இஞ்ச ஆருக்குத் தெரியும்?"

"அவருக்குத் தெரியும்."

திவாகரன் கையிலிருந்த தொலைபேசிகளில் ஒன்று அடித்தது. அதைக் காதில் வைத்துக்கொண்டு வெளியே போய்விட்டான்.

வெயில் சாயத் தொடங்கியபோது ஒலிபெருக்கி இரண்டாம் முறை வந்தது. ஒரு சொல் மாறவில்லை. கலாவதியின் அன்புக் கணவர். காலஞ்சென்ற சாமித்தம்பியின் அன்பு மருமகன். கூடுதலாக, தகனம் எத்தனை மணிக்கு என்பதை மட்டும் சேர்த்திருந்தார்கள். ஹோரேஸ் தொப்பியின் விளிம்பைத் தடவிக்கொண்டே கேட்டார். இந்தத் தடவை மகளிடம் எதுவும் கேட்கவில்லை.

சிக்கல் அதற்குப் பிறகுதான் வந்தது.

சவப்பெட்டியை மூடுமுன் கைம்பெண்ணுக்குக் கோடிச் சீலை போர்த்த வேண்டும். அந்தச் சீலையைப் பிறந்த வீட்டார் கொண்டுவர வேண்டும். அந்தக் குடும்பத்தில் இன்னொரு வழக்கமும் இருந்தது. வீட்டின் மூத்த பெண் அறை வாசலில் நின்று கைம்பெண்ணைப் பெயர் சொல்லி அழைப்பார். அழைத்ததும் அவள் வெளியே வந்து பெட்டியருகே நிற்பாள். தகப்பன் சீலையைப் போர்த்துவார். இதெல்லாம் முடியாமல் பெட்டி வாசலைத் தாண்டாது.

பிறந்த வீடு என்பது இப்போது சின்னத்தங்கம்தான். சாமித்தம்பி இல்லாவிட்டாலும் சின்னத்தங்கம் வந்து போர்த்துவார் என்று எல்லோரும் இருந்தார்கள். அவர் வரவில்லை. சீலையை மட்டும் பையில் போட்டு ஆளிடம் கொடுத்தனுப்பிவிட்டு, திவாகரனிடம் தொலைபேசியில் சொன்னார்.

"என்ட மகளுக்குக் கலியாணத்துக்கு நாள் வெச்சிரிக்கு மகன். இந்த நேரத்தில நான் அறுதலிக்குக் கோடி போட்டா, என்ட புள்ளைட வாழ்க்கை என்னாகும்? அவ என்ன, நான் பெத்த புள்ளையா?"

திவாகரன் பந்தலைப் பார்த்தான். முன் கதிரையில் மண்டூர்க்காரர்கள் இருந்தார்கள். மாப்பிள்ளையின் தகப்பன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். குருக்கள் தொண்டையைச் செருமினார்.

திவாகரன் பக்க அறைக்கு வந்தான். ஹோரேஸின் முன்னால் குனிந்தான். இதுவரை அவரை "லேத்துக்காரர்" என்று மட்டுமே சொல்லி வந்தவன், முதல் தடவையாக வேறு சொல் சொன்னான்.

"மாமா."

ஹோரேஸ் நிமிர்ந்து பார்த்தார். தன்னைத்தான் கூப்பிடுகிறான் என்று அவருக்குப் பிடிபடவில்லை.

"மாமா, நீங்கதான் சீலையப் போர்த்தணும். தகப்பன் நீங்கதானே."

"நான் வேதக்காரன், மகன். உங்கட சடங்குக்குச் சரிவருமா?"

"இதுக்குச் சரிவரும்."

ஹோரேஸ் மகளைப் பார்த்தார். தாரை வார்க்க உதவாத கைகள் இதற்கு உதவும் என்கிறார்கள். மகளுக்காக எதையும் செய்யக்கூடியவர் அவர். தொப்பியைக் கதிரையில் வைத்துவிட்டு இரண்டு கையையும் நீட்டிச் சீலையை வாங்கிக்கொண்டார்.

"நான் என்ன செய்யணும் மகள்?"

"வெளியில போய் நில்லுங்க அப்பா. நான் வாறன். என்னைக் கூப்பிடட்டும், வாறன்."

ஹோரேஸ் அறை வாசலுக்கு வெளியே போய் நின்றார். பெண்கள் வழிவிட, இலட்சுமிப்பிள்ளை தள்ளாடி வந்து அவர் பக்கத்தில் நின்றார். மகனை இழந்த தாய். விடியவிடிய அழுது முகம் வீங்கிப்போயிருந்தது. நிலையைப் பிடித்துக்கொண்டு உடைந்த குரலில் அழைத்தார்.

"கலாவதி, வா புள்ள."

உள்ளே அசைவில்லை.

"கலாவதி!"

பறைமேளக்காரர்கள் கம்பை உயர்த்திக்கொண்டு காத்திருந்தார்கள். அறைக்குள்ளிருந்து கிளாறிஸின் குரல் வந்தது. அதில் அழுகை இல்லை, கோபமும் இல்லை. கடையில் உப்பு இருக்கிறதா என்று கேட்கிற குரல்.

"மாமி, என்ட பேரைச் சொல்லிக் கூப்பிடுங்க. உடனே வாறன்."

இலட்சுமிப்பிள்ளை திரும்பி மூத்த மகனைப் பார்த்தார்.

"கூப்பிட்டனான்தானேடா. என்னவாம்?"

"அது இல்லம்மா." திவாகரன் குரலைத் தாழ்த்தினான். "மற்றப் பேராம்."

"எந்தப் பேர்?"

"அவட... முந்தின பேர்."

"அப்ப நீ சொல்லன்."

திவாகரனின் கண் முன் கதிரைகளுக்குப் போய் வந்தது. அவன் வேட்டியைச் சரிசெய்தான். "மூத்த பொம்புள கூப்பிடுறதுதானேம்மா வழக்கம். நீங்கதான் கூப்பிடணும்" என்று சொல்லிவிட்டு நிலத்தைப் பார்த்தான்.

குருக்கள் நேரமாகிறது என்றார். மாப்பிள்ளையின் தகப்பன் கதிரையிலிருந்து எழுந்து, என்ன நடக்கிறது என்று கழுத்தை நீட்டிப் பார்த்தார். யன்னலோரப் பெண்கள் வாயை முந்தானையால் பொத்திக்கொண்டார்கள். பெட்டிக்குள் தயாகரன் பட்டு வேட்டியோடு கிடந்தான்.

இலட்சுமிப்பிள்ளை வாயைத் திறந்தார். உதடுகள் அசைந்தன, சத்தம் வரவில்லை. மறுபடி முயன்றார். நெற்றி சுருங்கியது. தன் வீட்டில் தன் கையால் சோறு வாங்கித் தின்று, தன் காலுக்கு எண்ணெய் தேய்த்து, தன் மகனோடு பதினொரு வருஷம் குடும்பம் நடத்திய பெண் கதவுக்கு அந்தப் பக்கம் காத்திருந்தாள்.

அவர் மெல்ல நகர்ந்து, கோடிச் சீலையோடு நின்ற ஹோரேஸின் சட்டைக் கையைப் பிடித்தார். அவர் காதருகே குனிந்து கேட்டார்.

"நீங்க புள்ளைக்கு வெச்ச பேர் என்ன, ஐயா?"